ரெண்டு கோல்ட்ஃபிஷ்ஷுக்கு எவ்வளவு பெரிய தொட்டி?

ராமநாதபுரம் மாவட்டம் மண்டபத்திலிருந்து கேட்ட நண்பருக்கு: 10 லிட்டர் குடுவையில் ரெண்டு கோல்ட்ஃபிஷ், ரெண்டே நாளில் தண்ணி கலங்குது, மீன் மேலே வந்து வாயைப் பிளக்குதுன்னீங்க. குடுவைதான் பிரச்சினை, மீன் கழிவிலிருந்து வர்ற அம்மோனியாங்கிற விஷம் அதிலேயே தேங்கிடும். "தொட்டிக்கேத்தபடிதான் மீன் வளரும்"னு கடைக்காரர் சொன்னது கதை.

3 அடி நீளம், அகலமும் உயரமும் ஒன்றேகால் அடி, ஃபில்டரோட வாங்குங்க. ஏறக்குறைய 130 லிட்டர் பிடிக்கும். டிவி ஸ்டாண்டில் மட்டும் வச்சிடாதீங்க, தண்ணியே 130 கிலோ! உருண்டை உடம்பு, ரெட்டை வால்னா இது போதும். ஒத்தை வால் ஜாதி ஒரு அடி வரைக்கும் வளரும், அதுக்கு வாசல்ல சிமெண்ட் தொட்டிதான் சரி.

நம்ம பக்கம் கிணத்துத் தண்ணி நாக்கில் வச்சாலே கரிக்கும், வேணாம். காவிரிக் குழாய்த் தண்ணியை வாளியில் ஒரு நாள் திறந்து வச்சு, குளோரின் போனதும் ஊத்துங்க. வாரம் கால் பங்கு மாத்தினா போதும்.