தலைகுனிவும் ஒரு ஜட்டிக் கம்பெனியும்

கேள்வி: குளிர்கால ஒலிம்பிக் என்றால் இந்தியா ஒருவரையோ இருவரையோ அனுப்பிவிட்டுச் சும்மா இருந்துவிடுகிறது. 2022இல் பெய்ஜிங்குக்குப் போனவர் ஒரே ஒருவர், அவரும் 45ஆவது இடம். 140 கோடி பேர் உள்ள நாட்டுக்கு இது தலைகுனிவு இல்லையா? போகாமலே இருந்திருக்கலாமே? – கே.எஸ்., வந்தவாசி

பதில்: உங்கள் அஞ்சலட்டையின் முத்திரையைப் பார்த்தேன். அக்கினி நட்சத்திரத்தில், வந்தவாசியில் உட்கார்ந்து, பனி விளையாட்டில் நாட்டின் மானம் போகிறதே என்று வியர்த்திருக்கிறீர்கள். கும்பிடுகிறேன். ஆனால் அந்தத் 'தலைகுனிவு' என்ற சொல்லை மட்டும் என்னிடம் விட்டுவிடுங்கள்.

பனி விளையாட்டில் தலை குனியாமல் ஒரு காரியமும் ஆகாது. காலில் ஸ்கீ என்கிற நீளப் பட்டைகளைக் கட்டிக்கொண்டு மலையிலிருந்து நேராக இறங்குகிறவர் கோழிமுட்டை மாதிரிச் சுருண்டு, தலையைத் தாழ்த்தினால்தான் காற்று அவருக்கு வழி விடும். ஸ்கெலிட்டன் என்று ஒன்று இருக்கிறது. சின்னச் சறுக்கு வண்டியில் குப்புறப் படுத்து, தலை முன்னே போக, தாடை ஐஸில் உரசாத குறையாக இறங்குவது. அதற்குமேல் குனியத் தலையில் இடமில்லை. லூஜ் இதற்கு நேர்மாறு. சறுக்கு வண்டியில் மல்லாந்து படுக்க வேண்டும், கால் முன்னே. மணிக்கு 130 கிலோமீட்டருக்கு மேல் போகும், பிரேக் கிடையாது. வழி தெரிகிறதா என்று தலையைத் தூக்கினால் போச்சு, காற்று பிடித்து இழுத்துவிடும். திருப்ப வேண்டுமானால் கெண்டைக்காலால் வண்டியின் அடிச்சட்டத்தை அழுத்துவார்கள். கையுறையின் விரல் நுனிகளில் சின்னச் சின்ன முள் இருக்கும். புறப்பட்டதும் அதனால் ஐஸைப் பூனை மாதிரிப் பிராண்டி வேகம் எடுத்துக்கொண்டு, சட்டென்று படுத்துவிடுவார்கள்.

இத்தனைக்கும் நம் நாளிதழ்கள் வைத்திருப்பது ஒரே சொல்: பனிச்சறுக்கு. ஸ்கீயிங்கா, பனிச்சறுக்கு. ஸ்கேட்டிங்கா, பனிச்சறுக்கு. லூஜா, அதுவும் பனிச்சறுக்கு. இட்லி, தோசை, ஆப்பம் மூன்றுக்கும் 'மாவுப் பண்டம்' என்று போர்டு எழுதி ஓட்டல் நடத்துகிற மாதிரி. இதைச் சொன்னால் என் சொல்லாக்க நண்பருக்குக் கோபம் வரும். 'செல்ஃபி'க்குத் தமிழ்ச் சொல் வைக்கிற விவகாரத்தில் எனக்கு எட்டுப் பக்கம் கடிதம் எழுதியவர் அவர். "லூஜுக்கு மல்லாந்த சறுக்கம் என்று வைத்தால் என்ன?" என்பார். தாராளமாக வைக்கலாம். பிள்ளையை அதில் சேர்க்க எந்த அம்மாவும் சம்மதிக்க மாட்டார், அவ்வளவுதான். பெரும்பொழுது ஆறில் முன்பனி, பின்பனி என்று இரண்டை ஒதுக்கி வைத்தவர்கள் நாம். ஆனால் நம் பனி, மார்கழியில் கோலம் போடும்போது தலையில் இறங்கித் தும்மல் வரவழைக்கிற பனி. மஃப்ளர் கட்டித் தைலம் தடவியதற்குமேல் அதோடு நாம் போட்டி போட்டதில்லை.

எங்கேயோ போகிறேன். லூஜ் என்றேன் அல்லவா, அதில் சிவா கேசவன் என்று ஒருவர். மணாலி பக்கம் வசிஷ்ட் கிராமம், அப்பா கேரளம், அம்மா இத்தாலி. பெயரில் சிவனும் கேசவனும் ஒன்றாகப் படுத்திருக்கிறார்கள். சைவ வைணவச் சண்டையை இதைவிட வேகமாக முடித்தவர் கிடையாது. 1998இல் நகானோ போனபோது அவருக்கு 16 வயது. 2018 வரை ஆறு ஒலிம்பிக். ஊரில் பழகுவதற்கு ஐஸ் பாதை இல்லை. வண்டிக்குச் சக்கரம் கட்டிக்கொண்டு இமயமலைத் தார்ச்சாலையில், லாரிகளுக்கும் ஆட்டு மந்தைக்கும் நடுவே மல்லாந்தபடி வருவார். வீடியோ கிடைக்கிறது, பாருங்கள். எனக்கு ஆடுகளை நினைத்துத்தான் வயிற்றைக் கலக்கியது.

2014இல் சோச்சிக்கு மூன்று பேர் போனார்கள்: சிவா கேசவன், ஹிமான்ஷு தாக்கூர், நதீம் இக்பால். அணிவகுப்பில் அவர்களுக்கு முன்னால் மூவர்ணம் இல்லை, ஐந்து வளையக் கொடிதான். காரணம், 2012 டிசம்பரில் சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி நம் ஒலிம்பிக் சங்கத்தைத் தற்காலிகமாக நீக்கியிருந்தது. ஊழல் வழக்கில் இருப்பவர்களைப் பொறுப்புக்குக் கொண்டுவரும் தேர்தலை விடமாட்டேன் என்று நம்மவர்கள் ஒற்றைக் காலில் நின்றார்கள். சோச்சியில் பயிற்சியின்போது கேசவன் வண்டியிலிருந்து விழுந்தார். விழுந்தவர், வண்டியை விடாமல், சறுக்கிக்கொண்டே மறுபடியும் ஏறிப் படுத்துப் பாதையை முடித்தார். பிப்ரவரி 9இல் அவர் போட்டி முடிந்தது. அதே பிப்ரவரி 9இல்தான் டில்லியில் சங்கத்துக்கு மறுதேர்தல் நடந்து, சென்னைக்காரர் என். ராமச்சந்திரன் தலைவரானார். 11ஆம் தேதி தடை நீங்கியது. மற்ற இருவருக்கும் நாடு கிடைத்தது, கேசவனுக்கு இரண்டு நாள் தாமதம். சார், தலைகுனிவு என்ற சொல்லைச் செலவழிக்க இந்த இடம் எப்படி?

அந்தச் சோச்சியில் கேசவனுக்கு 37ஆவது இடம். 32ஆவது யார் என்று கேளுங்கள், இதைச் சொல்லாமல் எனக்குத் தூக்கம் வராது. டோங்கா நாட்டுக்காரர், பெயர் புரூனோ பனானி. பனியே பெய்யாத பசிபிக் தீவு. புரூனோ பனானி என்பது ஜெர்மனியில் ஒரு ஜட்டிக் கம்பெனி. முதலில், அட, பெயர் தற்செயலாக ஒத்துப்போயிற்றே என்று எல்லோரும் வியந்தார்கள். கம்பெனியும் சந்தோஷமாகச் செலவை ஏற்றுக்கொண்டது. பிறகுதான் தெரிந்தது, பையனின் உண்மைப் பெயர் ஃபுவாஹியா செமி, விளம்பரத்துக்காகவே சட்டப்படி பெயரை மாற்றியிருக்கிறார்கள் என்று. ஒலிம்பிக் கமிட்டியில் அப்போது துணைத் தலைவராக இருந்த தாமஸ் பாஹ் முகம் சுளித்தார். ஆனால் பாஸ்போர்ட்டில் இருக்கிற பெயரை யார் என்ன செய்ய முடியும்? சட்டையில் விளம்பரம் கூடாது என்கிற ஒலிம்பிக்கில், ஆளே விளம்பரமாக வந்து படுத்துவிட்டார். நம் ஊரில் இது நடந்தால் என்னென்ன பெயர் வரும் என்று நேற்று ஆபீசில் ஒரு மணி நேரம் பேசினோம். எங்கள் புரூஃப் ரீடர் சொன்ன பெயரை அச்சிட்டால் பனியன் கம்பெனிக்காரர் விளம்பரத்தை நிறுத்திவிடுவார். ஆக, சிவனும் கேசவனும் சேர்ந்தே ஜட்டியிடம் தோற்றார்கள். டோங்காவுக்கு அதுதான் முதல் குளிர்கால ஒலிம்பிக்.

சரி, பெய்ஜிங். ஆரிஃப் கான், காஷ்மீர்க்காரர். குல்மார்கில் அப்பா ஸ்கீ கடை வைத்திருந்தார், நாலு வயதில் பையனைப் பனியில் இறக்கிவிட்டார். ஒலிம்பிக்குக்காகக் கல்யாணத்தைத் தள்ளிவைத்தார் ஆரிஃப். குழுவில் ஆறு பேர், விளையாடியவர் ஒருவர். சுண்டைக்காய் கால் பணம், சுமைகூலி முக்கால் பணம் என்று எழுதக் கை துடிக்கிறது. ஆனால் கோச் வேண்டும், ஸ்கீக்கு மெழுகு பூசி விளிம்பைத் தீட்ட ஓர் ஆள் வேண்டும். எழுத்தாளர்கள் மூன்று பேரும் அதிகாரிகள் ஒன்பது பேருமாக நான் ஒருமுறை வெளிநாடு போனேன். விமான நிலையத்தில் மாலைகள் எங்கள் முறை வருவதற்குள் தீர்ந்துவிட்டன. எங்களுக்கு மெழுகு பூசவும் யாரும் வரவில்லை.

கல்வானில் நம்மவர்களோடு மோதிய சீன ராணுவ அதிகாரியை ஜோதி ஏந்த வைத்தார்கள் என்று இந்தியத் தூதரகத்தின் பொறுப்பு அதிகாரி தொடக்க விழாவுக்குப் போகவில்லை, தூர்தர்ஷன் நேரலை செய்யவில்லை. அது நியாயமான கோபம். ஆரிஃப் கொடியைப் பிடித்து நடந்தார். ஜயண்ட் ஸ்லாலம் என்பது நட்டுவைத்த கம்பங்களுக்கு நடுவே வளைந்து வளைந்து ஸ்கீயில் இரண்டு தடவை இறங்குவது. அன்று பனி கொட்டியது. புறப்பட்டவர்களில் கிட்டத்தட்டப் பாதிப் பேர் அடிவாரம் வந்து சேரவே இல்லை. ஆரிஃப் இரண்டு தடவையும் வந்து சேர்ந்தார். உங்கள் 45 அதுதான். மூன்று நாள் கழித்து, கம்பங்கள் இன்னும் நெருக்கமாக இருக்கும் ஸ்லாலத்தில் அவரும் முடிக்கவில்லை.

போகாமலே இருந்திருக்கலாமே என்கிறீர்கள். கேசவன் முதலில் போன அதே நகானோவுக்குக் கென்யாவிலிருந்து பிலிப் போய்ட் வந்தார். ஓட்டக்காரர். செலவெல்லாம் நைக்கி கம்பெனி. 10 கிலோமீட்டர் ஸ்கீயில் தட்டுத் தடுமாறி, 92ஆவதாக, எல்லோருக்கும் கடைசியாக வந்தார். தங்கம் வாங்கிய நார்வேயின் பியோர்ன் டேலி அவருக்கு 20 நிமிடம் முன்பே முடித்துவிட்டார். பதக்க மேடை தயார், ஆனால் டேலி ஏறவில்லை. அந்த 20 நிமிடமும் முடிவுக் கோட்டருகே காத்திருந்து, வந்தவரைக் கட்டிக்கொண்டார். போய்ட் பிறகு தன் மகனுக்கு டேலி என்று பெயர் வைத்தார். அதற்கு எந்தக் கம்பெனியும் காசு கொடுக்கவில்லை.