லெவல் 9: கேள்வி-பதில்

கேள்வி: இங்கிலாந்தின் கணினி விளையாட்டு நிறுவனம் 'லெவல் 9' உண்மையிலேயே ஒரு குடும்பக் கம்பெனிதானா?

பதில்: ஆமாம். பீட், மைக், நிக் ஆஸ்டின் என்ற மூன்று சகோதரர்கள் 1981-ல் தொடங்கியது. அப்பாவும் ஒரு சகோதரியும் பின்னால் சேர்ந்துகொண்டார்கள். முதலில் நாஸ்காம் என்ற ஆரம்பகால வீட்டுக் கணினிக்கு மென்பொருள் விற்றார்கள். பேர் வாங்கித் தந்தது, திரையில் வரும் வர்ணனையைப் படித்துக் கட்டளைகளைத் தட்டச்சு செய்து ஆடும் எழுத்து வழி சாகச விளையாட்டுதான். 1989-ல் வந்த 'ஸ்கேப்கோஸ்ட்' அந்த வகையில் கடைசி. 1991-ல் கம்பெனியே மூடப்பட்டது. வாங்குபவர்களுக்குப் படங்கள் நிறைந்த விளையாட்டுகள் பிடித்துப் போய், தட்டச்சு செய்து விளையாடும் பொறுமை குறைந்ததே முக்கியக் காரணம்.

கேள்வி: வெறும் 32 கே (கிலோபைட்) நினைவகத்தில், ஆடுபவர் போய்ப் பார்க்கக்கூடிய 200-க்கு மேற்பட்ட இடங்களை எப்படி அடைத்தார்கள்?

பதில்: இரண்டு உத்திகள். ஒன்று, 'ஏ-கோட்' என்று அவர்களே வகுத்த சுருக்கமான கட்டளை மொழி. விளையாட்டை அதில் ஒரே ஒருமுறை எழுதுவார்கள். ஸ்பெக்ட்ரம், பிபிசி மைக்ரோ, கமடோர் 64 என்று ஒவ்வொரு கணினிக்கும் அதைப் படித்து ஓட்டும் சிறு நிரல் மட்டும் தனியாக இருக்கும். சின்னக் கம்பெனி அத்தனை கணினிகளுக்கும் விளையாட்டு தர முடிந்தது இதனால்தான்.

இன்னொன்று எழுத்துச் சுருக்கம். நினைவகத்தின் சிறு அலகான ஒரு பைட்டுக்கு 256 மதிப்புகள் உண்டு. எழுத்து, எண், நிறுத்தக்குறி எல்லாம் சேர்த்தாலும் நூறைத் தாண்டாது. மிச்சமிருக்கும் 160 சொச்சம் மதிப்புகளை, அடிக்கடி வரும் சொல்துண்டுகளுக்குக் கொடுத்துவிட்டார்கள். ஒரு துண்டுக்குள்ளேயே வேறு துண்டுகளின் எண்களும் இருக்கலாம். ஆகவே ஒற்றை பைட் ஒரு நீளமான சொற்றொடராக விரியும்.

விளம்பரக் கணக்கை மட்டும் அப்படியே நம்ப வேண்டாம். 1983-ல் வந்த 'ஸ்னோபால்' விளையாட்டில் 7,000 இடங்கள் என்றார்கள். அதில் சுமார் 6,800, நிறத்தை வைத்து அடையாளம் காணும், வர்ணனை மிகக் குறைந்த அறைகள். பொய்யில்லை, ஆனால் நேர்மையும் சற்றுக் குறைவு!

கேள்வி: ஸ்பெக்ட்ரம் கணினிக்கான பழைய விளையாட்டுக் கேசட் ஒன்று கிடைத்தது. திரை ஓரத்தில் சிவப்பு, வெளிர்நீலப் பட்டைகள் ஒழுங்காக வருகின்றன. அப்புறம் 'டேப் லோடிங் எர்ரர்' என்று நின்றுவிடுகிறது. நாடா போய்விட்டதா?

பதில்: அநேகமாக இல்லை. பிளேயரில் நாடாவைப் படிக்கும் பாகமான ஹெட் சாய்ந்திருக்கும். நீங்கள் பார்த்த பட்டைகள், தகவலுக்கு முன்னால் வரும் முன்னோடி ஒலிக்கானவை. அதன் அதிர்வெண் 800 ஹெர்ட்ஸ்தான். தகவலில் '1' என்பது ஏறக்குறைய 1,000 ஹெர்ட்ஸ், '0' என்பது 2,000. ஹெட் சாய்ந்தால் உயர்ந்த அதிர்வெண்தான் முதலில் மங்கும். அதனால் முன்னோடி ஒலி தப்பிவிடும், '0'-க்கள் கெட்டுவிடும். ஒவ்வொரு தொகுதியின் கடைசியிலும் ஒரு சரிபார்ப்பு பைட் உண்டு. ஒரே ஒரு பிட் பிசகினாலும் தொகுதி முழுக்க நிராகரிக்கப்படும்.

முதலில் ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்த பஞ்சால் ஹெட்டைத் துடைத்துக் காயவிடுங்கள். பிறகு நாடாவை ஓடவிட்டு, ஹெட்டுக்குப் பக்கத்திலுள்ள சிறிய திருகைக் கால் சுற்றுக்கு மேல் போகாமல் இரு பக்கமும் மெல்லத் திருப்பிப் பாருங்கள். ஒலி எங்கே மிகக் கூர்மையாகக் கேட்கிறதோ அதுதான் சரியான இடம். டால்பி என்ற இரைச்சல் குறைப்பு வசதி அணைந்திருக்கட்டும். ஒலியளவு முக்கால் பங்கு போதும். அதற்கு மேல் வைத்தால் அலையின் முனைகள் வெட்டுப்படும்.

ஓடியதும் 44,100 ஹெர்ட்ஸ், மோனோ, 'வேவ்' கோப்பாகப் பதிந்துவிடுங்கள். எம்பி3 வேண்டவே வேண்டாம். அந்தப் பதிவிலிருந்து 'டிஇசட்எக்ஸ்' என்ற கேசட் நகல் கோப்பு செய்துகொண்டால், பழைய கணினியைப் போல நடிக்கும் மென்பொருளான எமுலேட்டரில் ஓடும். அப்புறம் நாடாவைத் தொடவே வேண்டாம்.

கேள்வி: லெவல் 9-இன் 'தி பிரைஸ் ஆஃப் மேஜிக்' விளையாட்டு தொடங்கியதும் ஏதோ சிதைந்த எழுத்தைக் காட்டிக் கேட்கிறதே?

பதில்: அது லென்ஸ்லாக், திருட்டு நகலைத் தடுக்கும் பூட்டு. பெட்டியோடு ஒரு பிளாஸ்டிக் பட்டக லென்ஸ் வந்திருக்கும். திரையில் தெரியும் பெரிய 'எச்' எழுத்தின் அகலத்தை லென்ஸுக்குச் சரியாகப் பொருத்திவிட்டு, அதன் வழியே பார்த்தால் இரண்டு எழுத்துகள் தெரியும். மூன்று முறைதான் வாய்ப்பு. டிவி மிகப் பெரியதாகவோ சிறியதாகவோ இருந்தால் அகலம் பொருந்தாது. காசு கொடுத்து வாங்கியவர்களே வெளியில் நின்றார்கள். எமுலேட்டரில் 'லென்ஸ்கீ' என்ற சிறு மென்பொருள் திரையைப் படித்து அந்த எழுத்துகளைச் சொல்லிவிடும்.