கேள்வி – பதில்: கோடை விடுமுறையும் கடலோர ஊர்களும்

இம்முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை விடுமுறையைப் பற்றியவை. அவற்றுள் இராமநாதபுரம் கடற்கரையோடு தொடர்புள்ளவற்றுக்கு மட்டும் இங்கே பதில் எழுதுகிறேன்.

கேள்வி: உச்சிப்புளிக்கு அருகிலுள்ள எங்கள் பூர்வீக ஊருக்குப் பிள்ளைகளை அழைத்துச் செல்கிறோம். அங்கே கோடைக்காலப் பயிற்சி வகுப்பு எதுவும் கிடையாது. கைப்பேசியில் இணையமும் சரியாக எடுக்காது. இரண்டு வாரத்தை அவர்கள் எப்படிக் கழிப்பார்கள்?
— வாசகர், மதுரை

பதில்: வகுப்பு இல்லை என்பதை நீங்கள் ஒரு குறையாக எழுதியிருக்கிறீர்கள். எனக்கு அதுவே அந்த ஊரின் முதல் சிறப்பாகத் தோன்றுகிறது. முதல் சில நாள்கள் பொழுது போகவில்லை என்று பிள்ளைகள் நச்சரிக்கத்தான் செய்வார்கள். அப்போது பெற்றோர் பொறுமையிழந்து நாள்முழுவதற்கும் ஒரு திட்டம் தீட்டிவிடாமல் இருந்தால் போதும். பிறகு அவர்களே தங்கள் வேலையைத் தேடிக்கொள்வார்கள்.

இது பனையின் பருவம் என்பது உங்களுக்கு வாய்ப்பு. காலையில் பனையேறுபவர் இறக்கும் பதநீரை அந்த இடத்திலேயே ஓலைப் பட்டையில் வாங்கிக் குடிக்கச் செய்யுங்கள். கலயத்தின் உட்புறத்தில் பூசிய சுண்ணாம்பையும் காட்டுங்கள். அந்தப் பூச்சு இல்லாவிட்டால் அதே சாறு வெயில் ஏறுவதற்குள் புளித்துக் கள்ளாகிவிடும் என்பதைக் கேட்ட பிள்ளைக்கு வேதியியல் பாடம் பிறகு அவ்வளவு அந்நியமாக இருக்காது.

நுங்கை மட்டும் தயவுசெய்து தோலுரித்துக் கிண்ணத்தில் போட்டுக் கொடுக்காதீர்கள். காயின் தலையை அரிவாளால் சீவியதும் மூன்று கண்களும் தெரியும். கட்டைவிரலை ஒரு கண்ணுக்குள் விட்டு நெம்பினால் உள்ளிருக்கும் நீர் சட்டையில் தெறிக்கும். ஓரத்தில் ஒட்டிக்கொண்டு வரும் தோல் நாக்கில் துவர்க்கும். இளசு எது, முற்றிக் கடுக்காயானது எது என்பதை இரண்டாம் நாளே விரல் சொல்லிவிடும். தின்று முடித்த காய்களில் இரண்டை ஒரு குச்சியின் இரு முனைகளிலும் செருகி, கவட்டைக் கம்பால் தள்ளிக்கொண்டு போனால் அதுதான் வண்டி. மிஞ்சியவற்றை மாடு தின்றுவிடும்.

கடலுக்குப் போவதென்றால் காற்றைப் பார்த்துப் போக வேண்டும். உங்கள் ஊருக்கு வடக்கே பாக் விரிகுடா, தெற்கே மன்னார் வளைகுடா. தனுஷ்கோடிப் பக்கத்தில் முன்னதைப் பெண் கடல் என்றும் பின்னதை ஆண் கடல் என்றும் சொல்வார்கள். தென்மேற்கிலிருந்து காற்று எழும்பும் நாள்களில் தெற்குக் கடல் கொந்தளிக்கும். அதே நேரத்தில் வடக்குக் கடல் குளம்போலக் கிடக்கும். வாடைக் காலத்தில் இது அப்படியே தலைகீழாகும். ஆகவே கோடையில் சிறுவர்களுக்கு ஏற்றது அரியமான் போன்ற வடகரைதான். வெயில் ஏறுவதற்கு முன்பும் மாலை நான்கரை மணிக்குப் பின்பும் போகலாம். இடைப்பட்ட நேரத்தில் மணலில் காலே வைக்க முடியாது. நண்பகலில் திண்ணையிலோ வேப்பமரத்தடியிலோ கிடந்து, பெரியவர்கள் பேசுவதை அரைத்தூக்கத்தில் கேட்டுக்கொண்டிருப்பதும் விடுமுறையின் ஒரு பகுதிதான். ஊர்க்கதைகளும் உறவுமுறைகளும் பிள்ளைகளின் காதில் ஏறுவது அந்த நேரத்தில்தான்.

கேள்வி: மகன், மகள் இரு குடும்பமும் மே மாதம் முழுவதும் எங்கள் வீட்டில்தான். பேரப்பிள்ளைகள் வருவது மகிழ்ச்சிதான். ஆனால் அடுப்படியை விட்டு நான் வெளியே வருவதே இல்லை. இதைச் சொன்னால் தப்பாக எடுத்துக்கொள்வார்களோ?
— வாசகி, தேவிபட்டினம்

பதில்: அம்மா, தயங்காமல் சொல்லிவிடுங்கள். அப்பத்தா வீட்டில் கழித்த விடுமுறையை உருகி உருகி நினைவுகூர்கிறவர்கள், அந்த அப்பத்தா அப்போது எங்கே நின்றுகொண்டிருந்தார் என்பதை எண்ணிப் பார்ப்பது அரிது. பத்துப் பேர் ஓய்வெடுப்பதற்கு ஒருவர் மூன்று வேளையும் நெருப்பின் முன் நிற்க வேண்டும் என்றால், அந்த ஏற்பாட்டைத்தான் மாற்ற வேண்டும்.

நீங்கள் செய்யக்கூடியவை சில உண்டு. காலைப் பலகாரத்தை வாரத்தில் பாதி நாள்களுக்கு நிறுத்திவிட்டுப் பழைய சோறும் சுட்ட கருவாடும் சின்ன வெங்காயமும் வையுங்கள். நகரத்திலிருந்து வந்தவர்கள் அதைத்தான் விரும்பிச் சாப்பிடுவார்கள். மீன் வாங்கி வந்து, செதில் சீவி, கழுவித் தரும் வேலை முழுவதையும் மகனிடமும் மருமகனிடமும் ஒப்படைத்துவிடுங்கள். முதல் நாள் செதில் முற்றமெங்கும் பறக்கும். அதைப் பார்த்துப் பொறுக்காமல் அரிவாள்மனையை நீங்களே வாங்கிக்கொள்ளாதீர்கள். மாலையில் பிள்ளைகள் கடற்கரைக்குக் கிளம்பும்போது நீங்களும் கிளம்புங்கள். இரவுச் சாப்பாடு சற்றுத் தாமதமானால் யாரும் இளைத்துப்போக மாட்டார்கள்.

கேள்வி: மீன்பிடித் தடைக்காலம் கடலுக்கு விடுமுறை என்கிறார்கள். மீனவர்களுக்கும் அது ஓய்வுக்காலம்தானா?
— கல்லூரி மாணவி, தொண்டி

பதில்: கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள்கள் விசைப்படகுகள் கடலுக்குச் செல்லக் கூடாது. மீன்களின் இனப்பெருக்கக் காலத்தில் இழுவை வலைகள் அடிக்கடலை அரிக்காமல் இருக்க வேண்டும் என்பதே அதன் நோக்கம். பள்ளி விடுமுறையும் ஏறக்குறைய இந்த நாள்களில்தான் வருகிறது என்பதால், வேறு மாதங்களில் அப்பாவைச் சரியாகக் காணாத மீனவப் பிள்ளைகள் அவரோடு கரையில் கழிப்பதற்கு இது ஒரு வாய்ப்பு. அந்த அளவில் இது விடுமுறைதான்.

ஆனால் முழு ஓய்வு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. படகைக் கரையேற்றி, பலகையின் விரிசல்களை அடைத்து, வண்ணம் பூசி, எஞ்சினைப் பிரித்துப் பழுது பார்த்து, வலையைச் சீர்செய்வதற்குள் தடைக்காலம் முடிந்துவிடும். செலவு உண்டு, வரவு கிடையாது. அரசு தரும் நிவாரணத்தொகை ஒரு குடும்பத்தின் இரண்டு மாதச் செலவை ஈடுகட்டும் என்று யாரும் சொல்லக் கேட்டதில்லை. படகு உரிமையாளரைக் காட்டிலும் கூலிக்குப் போகிறவருக்கு இந்தக் காலம் கடினமானது. நாட்டுப்படகுகளுக்குத் தடை இல்லை. இந்த மாதங்களில் சந்தையில் நாம் வாங்கும் நகரை, சூடை மீன்களும் நண்டும் பெரும்பாலும் அவற்றில் வந்தவையே. விலை கூடியிருக்கிறது என்று பேரம் பேசுவதற்கு முன் இதை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

கேள்வி: துபாயில் பணிபுரிகிறேன். ஆண்டுக்கு ஒரு மாத விடுப்பில் கோடையில் கீழக்கரைக்கு வருகிறேன். திருமண வீடுகள், விருந்துகள், வங்கி வேலை என்று அலைந்து, வந்ததைவிடக் களைப்போடு திரும்புகிறேன். ஓய்வு என்பதே எனக்கு வாய்க்காதா?
— வாசகர், கீழக்கரை

பதில்: பதினோரு மாதம் தள்ளிப்போட்ட உறவுக் கடமைகள் அனைத்தையும் ஒரே மாதத்தில் தீர்க்க முயல்வதால்தான் இந்தக் களைப்பு. எல்லா விருந்துக்கும் போக முடியாது என்பதை ஊருக்குக் கிளம்புவதற்கு முன்பே தொலைபேசியில் சொல்லிவிடுங்கள். வந்து இறங்கிய பிறகு மறுத்தால்தான் மனத்தாங்கல் ஏற்படும். வங்கி, பத்திரப்பதிவு போன்ற வேலைகளை முதல் வாரத்திலேயே முடித்துக்கொள்ளுங்கள். கடைசி வாரத்துக்கு எதையும் ஒப்புக்கொள்ளாதீர்கள். அந்த வாரத்தில் அஸர் தொழுகை முடிந்ததும் பிள்ளைகளோடு கடற்கரைப் பக்கம் நடந்து போய்விட்டு, வீடு திரும்பி உம்மாவின் அருகில் உட்கார்ந்து ஒரு துண்டு தொதல் இனிப்பைக் கடித்துக்கொண்டு பேசிக்கொண்டிருங்கள். உங்கள் கடிதத்தில் விருந்துகளின் பட்டியல் நீளமாக இருந்தது. உம்மாவைப் பற்றி ஒரு வரியும் இல்லை என்பதால் இதை எழுதுகிறேன்.

கேள்வி: இராமேசுவரத்துக்கு ஒரே ஒரு நாள்தான் வர முடியும். அவசரமின்றி எதைப் பார்க்கலாம்? தனுஷ்கோடியின் நுனியான அரிச்சல்முனையில் குளிக்கலாமா?
— வாசகர், கோவை

பதில்: முடிந்தால் ரயிலில் வாருங்கள். 1914-இல் திறக்கப்பட்ட பழைய பாம்பன் பாலத்துக்கு அருகிலேயே, நடுப்பகுதி அப்படியே செங்குத்தாக மேலெழும் புதிய பாலம் 2025 ஏப்ரலில் திறக்கப்பட்டது. அதன்மீது வண்டி போகும்போது இருபுறமும் கடலைப் பார்த்துக்கொண்டே வரலாம். கோயில் தரிசனத்தைக் காலையிலேயே முடித்துவிட்டு, வெயில் தாழ்ந்த பிறகு தனுஷ்கோடிக்குச் செல்லுங்கள். 1964 டிசம்பர் புயலில் அழிந்த தேவாலயச் சுவர்களின் முன் படம் எடுப்பதில் தவறில்லை. ஆனால் அங்கே பலர் உயிரிழந்தார்கள் என்பதைப் பிள்ளைகளிடம் சொல்லிவிட்டு எடுங்கள். அப்பகுதியில் கடலுக்கு மிக அருகே தோண்டிய சிறு மணல் ஊற்றுகளில் குடிநீர் கிடைப்பதையும் காட்டுங்கள். மணலில் இறங்கிய மழைநீர், உப்புநீரைவிட எடை குறைந்ததால் அதன்மேல் தங்கியிருப்பதே காரணம்.

அரிச்சல்முனையில் குளிக்கவே கூடாது. இரு கடல்களின் நீரோட்டங்கள் அங்கே மோதுகின்றன. நீச்சல் தெரிந்தவரையும் அவை இழுத்துவிடும். இருட்டுவதற்கு முன் திரும்பிவிடுங்கள். குடிநீரும் தொப்பியும் மறக்காமல் எடுத்துச் செல்லுங்கள். முனையில் நிழல் கிடையாது.