குறைந்த செலவு மான்ஸ்டர் படங்களை வெளியே சொல்லக் கூச்சப்பட்டுக்கொண்டே ரசிக்கிறோமே, ஏன்? நாகர்கோவில் பக்கம் நாலு பேர் சேர்ந்து அப்படி ஒரு குறும்படம் எடுக்க முடியுமா?

முதல் கேள்விக்குப் பதில் சுருக்கம். அந்த ஜந்து கேமரா முன்னால் நிஜமாகவே நிற்கிறது, அதனால் பிடிக்கிறது. 1953-இல் வந்த 'ரோபாட் மான்ஸ்டர்' படத்தில் நிலவிலிருந்து வரும் எதிரி யார் தெரியுமா? கொரில்லா உடுப்பு மாட்டி, தலையில் ஒரு ஹெல்மெட்டைக் கவிழ்த்த ஒரு மனுஷன். ஆனால் அவனைப் பார்த்து படத்தில் ஒருவரும் சிரிப்பதில்லை, எல்லாரும் மெய்யாகவே அலறுகிறார்கள். ரசனை அங்கேதான் இருக்கிறது. தானே தன்னைக் கிண்டல் செய்துகொள்ளும் படங்கள் பத்து நிமிஷத்தில் சலித்துவிடும். ஞாயிறு மதியம் டிவியில் ஓடும் டப்பிங் பாம்புப் படங்களில் கம்ப்யூட்டர் பாம்பு ஊர்ந்தால் புழுதிகூடக் கிளம்பாது. அதில் மிஞ்சுவது டப்பிங் வசனம் மட்டும்தான்.

ஆகவே எடுக்கிறவர் கவலைப்பட வேண்டியது ஒன்றே ஒன்று: ஜந்துவுக்கு எடை தெரிய வேண்டும். அது கணக்கில் வரும், காசில் வராது.

1:25 அளவை வைத்துக்கொள்ளுங்கள், அதாவது மாடலில் ஒரு அடி என்றால் திரையில் 25 அடி. ஐந்தரை அடி ஆள் சூட் போட்டால் சுமார் 137 அடி ஜந்து. வள்ளுவர் சிலை பீடத்தோடு 133 அடி, அதாவது மாடலில் 5.3 அடி. ஆசையாகத்தான் இருக்கும், ஆனால் சிற்ப வேலை தெரியாமல் அதில் கை வைக்காதீர்கள். செய்து முடித்து அதை ஜந்து இடிப்பதுபோல எடுத்தால் ஊரில் அடி விழும். பள்ளத்தாக்குக்கு மேலே தண்ணீர் கொண்டுபோகும் மாத்தூர் தொட்டிப்பாலம் தோதானது. 115 அடி உயரம் மாடலில் 4.6 அடிதான், வெறும் தூணும் தொட்டியும். அட்டையில் இரண்டு தூண் செய்து மேலே பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் பூசினால் போதும், ஜந்துவின் தலை தொட்டிக்கு மேலே எட்டிப் பார்க்கும்.

கேமரா வேகத்துக்கு ஒரு விதி: சினிமாவின் வழக்கமான வேகமான நொடிக்கு 24 ஃபிரேமை, அளவின் வர்க்கமூலத்தால் பெருக்குங்கள். 25-இன் வர்க்கமூலம் 5. 24 × 5 = 120 ஃபிரேம். பெரும்பாலான போன்களில் இந்த வேகம் இருக்கிறது. 120-இல் எடுத்து 24-இல் ஓட்டினால் 2 நொடி நடை 10 நொடியாகும், விழும் சுவரும் தூரத்தில் பெரிய சுவர் விழுவதுபோலவே விழும். சூட்டுக்குள் இருப்பவர் 'ஜந்து மாதிரி' மெதுவாக நடந்தால் எல்லாம் கெட்டுவிடும், தண்ணீருக்குள் நீந்துவதுபோல இருக்கும். அவரை வேகமாகவே நடக்கச் சொல்லுங்கள். வீட்டு விளக்கில் எடுக்காதீர்கள். 120 ஃபிரேமுக்கு வெளிச்சம் பற்றாது, மின்விளக்கின் மினுமினுப்பும் பதிவாகிவிடும். வெயில் போதும்.

கேமரா உயரம் இதைவிட முக்கியம். பார்க்கிற மனிதனின் கண் 1.6 மீட்டர் என்றால் மாடலில் 6.4 சென்டிமீட்டர். போனைத் தலைகீழாகப் பிடித்தால்தான் லென்ஸ் அந்த அளவுக்குத் தரையோடு இறங்கும். இடுப்பு உயரத்தில் எடுத்த எந்த மான்ஸ்டரும் மாறுவேடப் போட்டிக் குழந்தைதான்.

கும்பப்பூ நெல் அறுவடை முடிந்த வயல்தான் சரியான இடம். பூதப்பாண்டிப் பக்கம் போனால் பின்னால் தாடகை மலையே கிடக்கிறது, அரக்கிக்குத் தனியாக செட் போட வேண்டாம். நடிகர் கேமராவிலிருந்து 3 மீட்டரில் நின்றால், 25 மடங்கு தூரத்தில், அதாவது 75 மீட்டரில் இருக்கும் நிஜத் தென்னை சரியான அளவில் தெரியும். 20 மீட்டரில் ஒரு தென்னை நின்றாலும் ஜந்து குட்டையாகிவிடும். பிரேமை வைத்ததும் முதலில் பக்கத்து மரங்களைப் பாருங்கள்.

இனி சூட். சோபாவுக்குப் போடும் ஒரு இஞ்சு ஃபோம், ரப்பர் பசை. பசையை இரண்டு பக்கமும் தடவி, விரலில் ஒட்டாத பதம் வந்த பிறகு அமுக்க வேண்டும். ஈரத்தில் ஒட்டினால் முழங்கால் மடிக்கும்போதே பிரியும். தோலுக்கு நம் மாவட்டத்தில் பஞ்சமா? குலசேகரம், அருமனைப் பக்கம் ரப்பர் பால்தான். ஆனால் மரத்திலிருந்து வடித்த பச்சைப் பால் சில மணி நேரத்தில் உறைந்துவிடும். அமோனியா சேர்த்த, 60 சதவீத ரப்பர் உள்ள லேடெக்ஸ் கேட்டு வாங்குங்கள், ஜன்னல் திறந்துவைத்து வேலை செய்யுங்கள். ஃபோம்மேல் தென்னம் பன்னாடையைத் துண்டு துண்டாக ஒட்டி, மேலே ஐந்தாறு மெல்லிய பூச்சு. பன்னாடையின் குறுக்கு நெடுக்கு நரம்பு அப்படியே செதில்போலப் புடைத்து வரும். ஒவ்வொரு பூச்சும் காய்ந்து வெள்ளை நிறம் மாறி மஞ்சளான பிறகே அடுத்தது. கனமாக ஊற்றினால் மேலே காய்ந்து உள்ளே பாலாகவே நிற்கும், வளைத்ததும் கிழியும். நமக்கு இரண்டு பருவமழையும் உண்டு, ஆகவே இந்த வேலையை ஜனவரி முதல் மார்ச்சுக்குள் முடிப்பது நல்லது. மருக்களுக்கு ஒட்டுபால் (மரத்திலும் சிரட்டையிலும் உறைந்து ஒட்டிக்கிடக்கும் ரப்பர்) ஒட்டலாம் என்று தோன்றும். உள்ளே இருப்பவர் நாற்றத்தில் மயங்கிவிடுவார், விட்டுவிடுங்கள்.

1954 காட்ஸிலாவின் முதல் சூட் ஏறத்தாழ 100 கிலோ. நடக்கவே முடியாததால் அதை வெட்டி, ஒரு பகுதி மட்டும் தெரியும் ஷாட்டுகளுக்கு வைத்துக்கொண்டார்கள். உங்களுடையது 8 கிலோ தாண்டக் கூடாது. வாய்க்குள் காற்றோட்ட ஓட்டை விடுங்கள், பத்து நிமிஷத்துக்கு ஒருமுறை தலையைக் கழற்றுங்கள்.

உடைகிற சுவருக்குத் தெர்மாகோல் வேண்டாம், உடைந்ததும் வெள்ளை மணியாகப் பறந்து காட்டிக்கொடுத்துவிடும். 5 மில்லிமீட்டர் கனத்தில் பிளாஸ்டர் தகடு வார்த்து, பின்புறம் கத்தியால் கீறி வையுங்கள். ஓட்டுக்கூரைக்கு அட்டைப் பெட்டியின் மேல்தாளை உரித்தால் உள்ளே இருக்கும் வரி வரியான அட்டை.

கடல் காட்சிக்கு முட்டம் பாறைகளைக் கரையிலிருந்து எடுத்துவிட்டு, ஜந்துவைத் தனியாக எடுத்து எடிட்டிங்கில் அதன்மேல் ஒட்டுங்கள். ஃபோம் சூட்டோடு யாரும் தண்ணீரில் இறங்கக் கூடாது. அது நீரைக் குடித்துக் கனத்து ஆளை உள்ளே இழுத்துவிடும். கள்ளக்கடல் (முன்னறிகுறி இல்லாமல் திடீரெனக் கரையேறும் பெரிய அலை) எச்சரிக்கை வந்த நாளில் பாறைப் பக்கமே போக வேண்டாம்.

உறுமலுக்கு ஊதிய பலூனை ஈர விரலால் தேய்த்துப் பதிவு செய்து, வேகத்தைப் பாதியாக்குங்கள், சுருதி ஒரு ஸ்தாயி இறங்கும். துருப்பிடித்த கேட்டின் கிறீச்சும் நன்றாக வரும்.

கடைசியாக, தலையில் தேங்காய் எண்ணெய் தேய்த்துவிட்டு மாஸ்க் போடாதீர்கள். எண்ணெய் பட்ட லேடெக்ஸ் உப்பி, பிசுபிசுத்து, இரண்டாம் நாள் ஷூட்டிங்குக்கு உதவாது. உள்ளே துணித்தொப்பி போடுங்கள், முடிந்ததும் முகப்பவுடர் தூவி நிழலில் தொங்கவிடுங்கள்.