30 வயதுக்கு மேல் நடிக்கப் போய் யாராவது பெயர் வாங்கியிருக்கிறார்களா?

நீங்களும் ஆபீஸில் மத்தியானச் சாப்பாடு முடிந்த கையோடு இந்தக் கேள்வியைத் தட்டியிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். நான் இன்சூரன்ஸ் ஏஜென்ட். 34 வயதில் ஒரு அமெச்சூர் நாடகக் குழுவில் சேர்ந்தேன். இரண்டு வருஷம் தபால்காரர் வேஷம்தான். மொத்த வசனமே "சார், போஸ்ட்!" ஒருநாள் ஒத்திகையில் கொஞ்சம் நீட்டிப் பேசிப் பார்த்தேன். "உனக்கு பாலிசி விற்கத்தான்யா வாய் வரும்" என்றார் இயக்குநர். எல்லாரும் சிரித்தார்கள். டீ கொண்டுவந்த பையன் உட்பட.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. யூடியூபில் மோஸ்ஃபில்ம் சேனலில் ஒரு பழைய ரஷ்யப் படம் கண்ணில் பட்டது. 1966-ல் எல்தார் ரியாசானவ் எடுத்தது. பெயரைத் தமிழில் 'கார் ஜாக்கிரதை' எனலாம். நாயகன் தேத்தோச்கின் என்ன வேலை பார்க்கிறான் தெரியுமா? இன்சூரன்ஸ் ஏஜென்ட்! படுத்திருந்தவன் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். முறைகேடாகச் சம்பாதித்தவர்களின் காரைத் திருடி விற்று, பணத்தை அனாதை இல்லங்களுக்கு அனுப்புகிறான். சாயங்காலமானால் அமெச்சூர் நாடகத்தில் ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட் வேஷம்.

நடித்தவர் இன்னொகென்தி ஸ்மோக்துனோவ்ஸ்கி. 1964-ல் கோசின்த்செவ் எடுத்த படத்தில் ஹாம்லெட்டாகவே நடித்து, அடுத்த வருஷம் லெனின் பரிசும் வாங்கியவர். அதே மனிதர் இங்கே ஒரு ஏஜென்ட் ஆடுகிற ஹாம்லெட்டாக நிற்கிறார். அந்தக் காட்சியை மூன்று தடவை பின்னால் தள்ளிப் பார்த்தேன்.

அப்புறம் அவர் கதையைத் தேடிப் படித்தேன். 1925-ல் சைபீரியாவில் ஒரு கிராமத்தில் பிறந்தவர். போரில் ஜெர்மானியரிடம் பிடிபட்டுத் தப்பியவர். பிடிபட்டவன் என்றாலே அன்றைய சோவியத்தில் சந்தேகப் பார்வைதான். அதனாலேயே 1946-ல் வடதுருவ வட்டத்துக்கும் மேலே, கைதிகளைக் கொண்டு கட்டிய நோரில்ஸ்க் நகரத்து நாடகக் கொட்டகையில் போய் ஒதுங்கினார். பிறகு வேறு ஊர்கள். 1955-ல் மாஸ்கோ வந்தால் தியேட்டருக்குத் தியேட்டர் கையை விரித்தார்கள். 1957 டிசம்பர் 31 அன்று, லெனின்கிராடில் தொவ்ஸ்தொனோகவ் இயக்கிய, தஸ்தயேவ்ஸ்கி நாவலைத் தழுவிய 'அசடன்' நாடகத்தில் நாயகன் இளவரசர் மிஷ்கினாக மேடையேறினார். அதில்தான் ஊரே திரும்பிப் பார்த்தது. அப்போது வயது 32.

விவரம் தெரிந்தவர்கள் சண்டைக்கு வருவதற்குள் சொல்லிவிடுகிறேன். அவர் 30-க்கு மேல் ஆரம்பித்தவர் இல்லை. இருபதிலேயே நடிக்க வந்துவிட்டார். நீங்கள் கேட்டது அது இல்லை என்று தெரியும். என்னையும் அவரையும் ஒப்பிடவும் இல்லை. அந்தப் பன்னிரண்டு வருஷம் யார் கண்ணிலும் படாமல் நடித்தாரே, அதைத்தான் சொல்கிறேன்.

இன்னொன்று. படத்தில் தேத்தோச்கினைத் துரத்தும் போக்குவரத்துப் போலீஸ்காரராக வருபவர் கியோர்கி ஜ்ஷோனவ். சிறை முகாம்களில் வருஷக்கணக்கில் இருந்தவர். இரண்டு பேரும் நோரில்ஸ்க் மேடையில் ஒன்றாக நடித்தவர்கள். இது தெரிந்த பிறகு அந்தத் துரத்தல் காட்சிக்கு எனக்குச் சிரிப்பு வரவில்லை.

   

இப்போது எனக்கு டாக்டர் வேஷம், ஏழு வசனம். போன மாதம் அந்த இயக்குநர் என்னிடமே ஒரு பாலிசி எடுத்தார். படிவத்தில் நாமினி பெயர் மட்டும் இன்னும் எழுதித் தரவில்லை.