மூன்றாவது பெயர் – கடிதம்

அன்புள்ள ஐயா,

செல்லோ என்ற பெரிய வயலின் மாதிரி வாத்தியத்தை வாசிக்கும் யோ-யோ மா பற்றிய குறிப்பில் "லெனர்ட் ரோஸின் மாணவர்" என்று ஒரே வரியில் சொல்லிவிட்டுப் போய்விட்டீர்கள். யார் இவர் என்று தேடப்போய், பியானோக்காரர் க்ளென் கூல்டுடன் அவர் வாசித்த பாக் சொனாட்டாக்கள் அகப்பட்டன. இரண்டு வாரமாக அதையேதான் கேட்டுக்கொண்டிருக்கிறேன். இத்தனை அழகாக வாசிப்பவர் ஏன் வெளியே தெரியவில்லை? எங்கே பார்த்தாலும் "மாவின் ஆசிரியர்", "ஹாரலின் ஆசிரியர்" என்றுதான் இருக்கிறது.

நானும் வீணை கற்றவள். நாலைந்து கச்சேரி செய்தேன், அப்புறம் வீட்டில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பதோடு நின்றுவிட்டது. கச்சேரி கிடைக்காதவர்கள்தான் பாடம் எடுக்கப் போவார்கள் என்று என் காதுபடவே பேசியிருக்கிறார்கள். ரோஸுக்கும் அதுதான் நடந்ததா? 'ரோஸ் பாணி' என்று ஒன்று உண்டா? அவருடைய செல்லோ இப்போது யாரிடம் இருக்கிறது?

எஸ்.ஆர்.
திருச்சி

அன்புள்ள எஸ்.ஆர்.,

ஒரே வரியில் கடந்துபோனது என் தப்புதான். நானே அவரை அப்படித்தான் பல வருஷம் கடந்துபோயிருக்கிறேன். ஷூபர்ட்டின் பி-ஃப்ளாட் ட்ரயோவை, அதாவது பியானோ, வயலின், செல்லோ மூன்றும் சேர்ந்து வாசிக்கிற இசையை, முதன்முதலில் ஒரு நண்பர் பதிந்துகொடுத்த கேசட்டில் கேட்டேன். அதன் அட்டையில் பால்பாயின்ட் பேனாவால் 'ஸ்டெர்ன்' என்று மட்டும் எழுதியிருந்தது. மூன்று பேர் வாசிக்கிறார்கள், மற்ற இரண்டு பேர் யார் என்று கேட்கத் தோன்றவே இல்லை.

கச்சேரி கிடைக்காமல் பாடம் எடுக்கப் போனாரா என்றால், இல்லை. 1918-இல் வாஷிங்டனில் பிறந்தவர், ரஷ்யப் பேரரசிலிருந்து குடியேறிய யூதக் குடும்பம், வளர்ந்தது ஃப்ளோரிடாவில். இருபது வயதில் நடத்துநர் டோஸ்கனினியின் என்பிசி சிம்ஃபனி ஆர்க்கெஸ்ட்ராவில் வாசிக்கிறார். இருபத்தொரு வயதில் க்ளீவ்லாண்ட் ஆர்க்கெஸ்ட்ராவின் முதல் செல்லோ, அதாவது செல்லோ வரிசைக்குத் தலைவர். அங்கே நடத்துநராக இருந்த ரோட்சின்ஸ்கி 1943-இல் நியூயார்க் ஃபில்ஹார்மனிக்குக் கிளம்பியபோது இவரையும் கூட்டிக்கொண்டு போனார், அடுத்த வருஷமே அங்கேயும் முதல் நாற்காலி. நியூயார்க்கின் ஜூலியார்ட் இசைப்பள்ளியில் பாடம் எடுக்க ஆரம்பித்தது 1947-இல். அதாவது அமெரிக்காவில் ஒரு செல்லோக்காரருக்குக் கிடைக்கக்கூடிய மிகப் பெரிய உத்தியோகங்களில் ஒன்றில் உட்கார்ந்துகொண்டேதான் பாடமும் எடுத்திருக்கிறார். 1951-இல் அந்த உத்தியோகத்தை விட்டார், தனிக் கச்சேரிக்காக. பாடத்தை விடவில்லை. ஐம்பதுகளில் ஃபிலடெல்ஃபியாவின் கர்ட்டிஸ் இன்ஸ்டிட்யூட்டிலும் எடுத்தார், 1984-இல் ரத்தப் புற்றுநோயில் இறக்கும் காலம்வரை மாணவர்கள் இருந்தார்கள். உங்கள் காதுபடப் பேசினவர்களுக்கு இந்த வருஷங்களை வரிசையாகச் சொல்லலாம், கேட்கமாட்டார்கள் என்பது வேறு விஷயம்.

அப்புறம் ஏன் பெயர் வெளியே வரவில்லை? ஒரு காரணம் ஊர் என்று நினைக்கிறேன். செல்லோ என்றால் அந்தக் காலத்தில் அமெரிக்கர்களே ஐரோப்பாவிலிருந்து வந்தவரைத்தான் தேடினார்கள். கஸால்ஸ், ஃபாயர்மன், பியாட்டிகோர்ஸ்கி, அப்புறம் ஐம்பதுகளில் ரஷ்யாவிலிருந்து ரோஸ்ட்ரோபோவிச் வந்து இறங்கியபோது மேடையில் மற்றவர்களுக்கு இடமே இல்லாமல் போயிற்று. ஃப்ளோரிடாப் பையனுக்கு அந்தப் புராணமெல்லாம் கிடையாது. இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், தனியாளாக ஆர்க்கெஸ்ட்ராவுக்கு முன்னால் உட்காரும்போது அவர் எல்லாவற்றிலும் என்னைக் கட்டிப்போடுவதில்லை. அவருடைய த்வோர்ஷாக் கன்செர்ட்டோ எனக்குக் கொஞ்சம் அடக்கமாகவே படும், ஒரு தப்பும் சொல்லமுடியாது, ஆனால் ரோஸ்ட்ரோபோவிச் மாதிரி கேட்பவரின் சட்டையைப் பிடித்து உலுக்குவது கிடையாது. ஆர்மண்டியின் ஃபிலடெல்ஃபியா ஆர்க்கெஸ்ட்ராவோடு செய்த ப்ளோகின் 'ஷெலோமோ' இதற்கு விலக்கு. அதைக் கேளுங்கள், ஆனால் ராத்திரி தூங்கப்போகும்முன் வேண்டாம்.

அவருடைய நிஜமான இடம் கூட்டு வாசிப்பு. 1961-இலிருந்து அவர் இறக்கும்வரை இஸ்டோமின்–ஸ்டெர்ன்–ரோஸ் ட்ரயோ இருந்தது, பியானோவில் இஸ்டோமின், வயலினில் ஸ்டெர்ன், செல்லோவில் ரோஸ். பெயரில்கூட மூன்றாவது. நான் சொன்ன அந்த ஷூபர்ட்டின் இரண்டாவது பகுதியை எடுத்துக்கொள்ளுங்கள். பியானோ தொட்டில் ஆட்டுவதுபோல ஆரம்பிக்கும். அதன்மேல் செல்லோ தனியாகப் பாட்டை எடுக்கும், செல்லோவுக்குச் சற்று உயரமான இடத்தில். பாட்டு முழுசாக முடிந்ததும் அதே பாட்டை வயலின் வாங்கிக்கொள்ளும். இப்போது செல்லோ என்ன செய்கிறது என்று மட்டும் கவனியுங்கள். அது நின்றுவிடுவதில்லை, வயலினுக்குக் கீழே வேறொரு இசைக்கோட்டை இழுத்துக்கொண்டே போகிறது. சாதாரண வாசிப்பில் இந்த இடத்தில் ஒன்று செல்லோ காணாமல்போகும், இல்லாவிட்டால் "நானும் இருக்கிறேன்" என்று முட்டும். ரோஸ் ஒலியின் கனத்தை மட்டும் ஒரு பிடி குறைக்கிறார், நிறம் அப்படியே இருக்கிறது. ஸ்டெர்னின் வயலின் பெரிதாகக் கேட்பதே கீழே இவர் அப்படித் தாங்குவதால்தான், கேசட் அட்டையில் ஏறியது ஸ்டெர்ன் பெயர். கூல்டு பதிவிலும் இதேதான், எழுபதுகளின் நடுவில் செய்தது. கூல்டு தன் பாட்டுக்கு நடுக்குரல்களைத் தோண்டி எடுத்து வெளிச்சம் போட்டுக்கொண்டிருப்பார், பக்கத்தில் உட்கார்ந்தவருக்கு எரிச்சல் வரவேண்டும். ரோஸ் அவர்பாட்டுக்கு ஒரு நீண்ட வில்லை இழுத்துக்கொண்டிருப்பார்.

அந்த வில்லில்தான் உங்கள் இரண்டாவது கேள்விக்கு பதில் இருக்கிறது. பாணி என்று ஒன்று இருந்தால் அது அவருடைய வலது கை.

செல்லோ வில் ஏறக்குறைய எண்பது கிராம் எடை, முக்கால் மீட்டருக்குக் கொஞ்சம் குறைவான நீளம். கை பிடிக்கிற பக்கம் கனமாகவும் நுனி லேசாகவும் இருக்கும். சும்மா இழுத்தால் ஒரு முனையில் சத்தம் தடித்தும் மறு முனையில் சோகையாகவும் வரும். இதைச் சமாளிக்க ஆரம்ப மாணவர்கள் எல்லோரும் நுனிப்பக்கம் வரும்போது விரலால் அழுத்துவார்கள், உடனே ஒலி நெரிபடும். ரோஸ் கேட்டது அழுத்தம் இல்லை, தோளிலிருந்து கையின் எடையைத் தந்தியின்மேல் சாய்ப்பது. அதைவிடச் சிரமம் வில் திசை மாறுகிற இடம். அங்கே ஒரு 'டக்' கேட்கக்கூடாது. இதற்கு அவர் சொன்ன உவமை பெயின்ட் பிரஷ். வெள்ளையடிக்கிற மட்டையைப் பார்த்திருப்பீர்கள் அல்லவா, கை மேலே போகும்போது நார் கீழே வளைந்து பின்னாலேயே வரும். கை கீழே திரும்பினாலும் நார் உடனே திரும்பாது, ஒரு கணம் பழைய வளைவிலேயே இருந்துவிட்டு அப்புறம்தான் மடங்கும். மணிக்கட்டு முன்னால் போகிறது, விரல்கள் நார் மாதிரி தாமதமாக வருகின்றன, அந்தத் தாமதத்துக்குள் திசைமாற்றம் ஒளிந்துகொள்கிறது. காணொளியில் அவருடைய கையை மட்டும் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள், நான் சொல்வது புரியும். ஒலியைப் பாடவைக்கிற மனசு அவருடைய ஆசிரியர் ஃபெலிக்ஸ் சால்மண்டிடமிருந்து வந்தது. எல்கரின் செல்லோ கன்செர்ட்டோவை 1919-இல் லண்டனில் முதன்முதலாக வாசித்தவர் அவர். ஒத்திகைக்கு நேரம் போதாமல் அன்றைக்கு எல்லாம் சொதப்பிற்று, பிறகு அமெரிக்காவுக்கு வந்து பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்க உட்கார்ந்தார். அது தனிக் கதை.

ஆனால் அவருடைய மாணவர்களுக்குக் கை ஒன்றாக இருந்தும் குரல் ஒன்றாக இல்லை, எனக்கு ரோஸிடம் பிடித்ததே அதுதான். லின் ஹாரலை எடுத்துக்கொள்ளுங்கள். பதினைந்து பதினாறு வயதில் அப்பா போய்விட்டார், இரண்டு வருஷத்தில் கார் விபத்தில் அம்மாவும். அந்தப் பையன் க்ளீவ்லாண்டில் சேர்ந்து 1964-இல் முதல் செல்லோ ஆகிறான், கால் நூற்றாண்டுக்கு முன்னால் ரோஸ் உட்கார்ந்த அதே நாற்காலி. ஹாரலின் ஒலி அகலமானது, தாராளமானது. மாட் ஹைமோவிட்ஸ் இன்னொரு ரகம். 1984-இல் கார்னகி ஹாலில் ஷூபர்ட்டின் ஐவர் இசை, ஸ்டெர்ன், ஸூக்கர்மன், மின்ட்ஸ், ரோஸ்ட்ரோபோவிச் எல்லோரும் இருக்கிறார்கள், ரோஸுக்கு உடம்பு முடியவில்லை. அவர் இடத்தில் போய் உட்கார்ந்தது பதின்மூன்று வயது ஹைமோவிட்ஸ். அந்தப் பையன்தான் வளர்ந்து நியூயார்க்கில் சிபிஜிபி என்ற பங்க் ராக் கூடத்தில் பாக் வாசித்தார்.

மா அவரிடம் வந்தது ஒன்பது வயதில், ஸ்டெர்னின் சிபாரிசில். மிகக் கூச்ச சுபாவம், ரோஸிடம் கிசுகிசுப்பதற்கு மேல் பேசப் பயம், செல்லோவுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளப் பார்த்தாராம். மாவே பின்னால் சொல்லியிருக்கிறார். ரோஸ் திரும்பத் திரும்பச் சொன்னது, வாத்தியத்தில் வாய்விட்டுப் பாடு என்பதுதான். சில வருஷம் கழித்து, பையன் எல்லாம் பிடித்துக்கொண்டான் என்று தெரிந்ததும், இனிமேல் நீயே தனியாகப் போய்ப் படித்துக்கொண்டு வா என்று விட்டுவிட்டார். அதற்காகத்தான் மா அவருக்கு அதிகம் நன்றி சொல்கிறார், வில்லுக்காக அல்ல. சொல்லிக்கொடுப்பவருக்கு வாயை மூடிக்கொள்வது எவ்வளவு கஷ்டம் என்று உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை. உங்கள் பிள்ளைகளில் யாராவது உங்களைப் போல மீட்டாமல் வேறு மாதிரி மீட்டுகிறார்களா? அடுத்த கடிதத்தில் எழுதுங்கள், நிஜமாகவே தெரிந்துகொள்ள ஆசை.

செல்லோவைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். 1662-இல் நிக்கோலோ அமாட்டி செய்தது. இப்போது கேரி ஹாஃப்மன் வாசிக்கிறார். அவர் ரோஸிடம் படித்தவர் இல்லை, இந்தியானாவில் ஸ்டார்க்கரிடம் படித்தவர்.