மேடை நாடகத்தை அப்படியே படம்பிடித்த பழைய பிரிட்டிஷ் நகைச்சுவைப் படங்களை இன்று ரசிக்க முடியுமா?

முடியும். ஆனால் தனியாக உட்கார்ந்து பார்க்காதீர்கள். 1930இல் வந்த 'ரூக்கரி நூக்' படத்தை வைத்தே சொல்கிறேன்.

முதல் முறை நள்ளிரவில் இயர்ஃபோன் மாட்டிக்கொண்டு பார்த்தேன். அரை மணி நேரத்தில் நிறுத்திவிட்டேன். ஒருவர் வசனம் பேசி முடித்ததும் எதிரில் நிற்பவர் உடனே பதில் சொல்வதில்லை, ஒரு கணம் சும்மா நிற்கிறார். கேமராவும் நகர்வதில்லை. அந்தக் காலத்துக் கேமரா போட்ட இரைச்சல் ஒலிப்பதிவில் விழாமலிருக்க அதைப் பெட்டிக்குள் அடைத்துவைத்தார்கள்; மைக் இருக்கும் இடத்தை விட்டு நடிகர்களும் அதிகம் விலக முடியாது. கேமரா அசையாததற்குக் காரணம் இது. அந்த ஒரு கண மௌனம் எதற்கு என்பதுதான் எனக்குப் புரியவில்லை.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை அக்கா, அத்தான், பெரியப்பா ஆகியோருடன் கதையை முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போட்டேன். கடலோர ஊரில் வாடகை வீட்டுக்கு முதலில் வந்து சேர்கிறான் ஜெரால்ட். மனைவி இன்னும் வரவில்லை. மாற்றாந்தந்தை துரத்திவிட்ட ஒரு பெண், இரவு உடையோடு அந்த வீட்டுக்குள் அடைக்கலம் புகுகிறாள். பக்கத்திலேயே மனைவியின் அக்கா குடியிருக்கிறாள். அவளிடமிருந்து எதையும் மறைக்க முடியாது. அவளுக்கு அடங்கி நடுங்கும் கணவராக ராபர்ட்சன் ஹேர் வந்ததும் பெரியப்பா சிரிக்கத் தொடங்கினார். அத்தான் சேர்ந்துகொண்டார். அப்போதுதான் கவனித்தேன்: எங்கள் சிரிப்பு அடங்கிய பிறகே திரையில் அடுத்த வசனம் வந்தது.

அந்த மௌனம் நமக்காக விட்ட இடம்! 1926இல் லண்டன் ஆல்ட்விச் அரங்கில் தொடங்கி 400 முறைக்கு மேல் மேடையேறிய நாடகம் இது. டாம் வால்ஸ், ரால்ஃப் லின், ராபர்ட்சன் ஹேர், வினிஃப்ரெட் ஷாட்டர், மேரி பிரஃப் என்று மேடையில் நடித்தவர்களே படத்திலும் நடித்தார்கள். இயக்கியவரும் டாம் வால்ஸ்தான். எந்த வசனத்துக்கு எவ்வளவு நேரம் சிரிப்பு நீடிக்கும் என்பது இரவுக்கு இரவு அவர்கள் உடம்பில் ஊறிப்போயிருந்தது. படப்பிடிப்பில் ரசிகர்கள் இல்லை, பழக்கம் இருந்தது. இதைக் குறை என்று ஒதுக்குகிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை. ஒரு நாடகக் குழு தன் ரசிகர்களுக்காகக் காத்து நிற்பதை வேறு எதில் இப்படிப் பார்க்க முடியும்?

ரால்ஃப் லின்னை மட்டும் தனியாகக் கவனியுங்கள். ஒரு கண்ணில் மட்டும் மாட்டும் ஒற்றைக் கண்ணாடியும் அசட்டுச் சிரிப்புமாக, வசனத்தை அப்போதுதான் தோன்றியதுபோலச் சொல்வார். எழுதிய பென் டிராவர்ஸ் நாடகக் கட்டுமானம் பயின்ற இடம் லண்டன் இல்லை, மலாக்கா. குடும்ப வியாபாரத்துக்காக இளவயதில் அங்கே அனுப்பப்பட்டவர், உள்ளூர் நூலகத்தில் கிடைத்த ஆங்கில நாடகாசிரியர் பினேரோவின் நாடகங்களைப் படித்துப் படித்தே அந்தத் தொழிலின் நுணுக்கங்களைக் கற்றார். இந்தக் கதையில் ஒவ்வொரு கதவும் திறக்கக் கூடாத நேரத்தில் திறப்பதைப் பார்த்தால் அந்தப் படிப்பு தெரியும்.

இது பிடித்துப்போனால் அடுத்து, டிராவர்ஸின் நாடகத்திலிருந்தே எடுத்த 'தார்க்' (1932) பாருங்கள். பேய் வீட்டுக் கதை. அதற்கும் பெரியப்பாவை அழைத்திருக்கிறேன்.